அபராதம் கட்டியவள்: பாலியல் வன்முறையும் அதற்குப் பின்னான வாழ்வும்



நினைவுச் சொற்பொழிவில் மறைந்தவரின் பெருமையைப் பேசுவது மரபு. இந்த மேடை அந்த மரபைக் கொஞ்சம் மாற்றி, பேச வேண்டியதைப் பேசுவதே மறைந்தவருக்குச் செய்யும் மரியாதை என்று முடிவு செய்திருக்கிறது. அதனால்தான் நம் கூட்டங்களில் கடைசி பத்து நிமிடத்துக்குத் தள்ளிவிடுகிற ஒரு பொருளை இன்றைக்கு முழுப் பேச்சாகக் கேட்டிருக்கிறார்கள். பாலியல் வன்முறை எவ்வளவு பரவியிருக்கிறது, அது ஒரு பெண்ணின் வாழ்வில் எவ்வளவு காலம் நீடிக்கிறது என்பதுதான் அந்தப் பொருள்.

இலக்கிய அமைப்பு என்பதால் இலக்கியத்திலிருந்தே தொடங்குகிறேன். அதுவும் நம் மண்ணின் இலக்கியத்திலிருந்து. வத்திராயிருப்புப் பக்கம் புதுப்பட்டியில் பிறந்த பாமாவின் ‘கருக்கு’ 1992 இலும் ‘சங்கதி’ 1994 இலும் வந்தன. ‘கருக்கு’வைப் பாடமாகப் படித்தவர்கள் இங்கே நிறையப் பேர் இருப்பீர்கள். ‘சங்கதி’யில் வரும் மாரியம்மாவை எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது?

விறகு பொறுக்கிவிட்டு வரும் மாரியம்மா தாகத்துக்குத் தண்ணீர் குடிக்கப் போகிறாள். தோட்டத்துக்குச் சொந்தக்காரன் அவள் மேல் கை வைக்கிறான். அவள் உதறிக்கொண்டு தப்பி ஓடி வந்துவிடுகிறாள். கதை அங்கே முடிந்திருந்தால் அது ஒரு நாளின் பயமாகப் போயிருக்கும். ஆனால் அவன் முந்திக்கொள்கிறான். சேரிப் பையன் ஒருவனோடு அவளை இணைத்து நாட்டாமையிடம் புகார் சொல்கிறான். கூட்டம் கூடுகிறது. பேச வந்த பெண்களின் வாய் அடைக்கப்படுகிறது. உண்மை தெரிந்தவர்களும் மேல்சாதிக்காரனைப் பகைத்தால் வேலை போகும் என்று அடங்குகிறார்கள். அபராதம் மாரியம்மாவுக்கு. அந்தப் பையனுக்கு விதித்ததைவிட அவளுக்குக் கூடுதல். பிறகு அதே பையனுக்கே அவளைக் கட்டிவைக்கிறார்கள். குடியும் அடியுமாக அவள் வாழ்க்கை போகிறது.

தோட்டத்தில் நடந்தது சில நிமிடம். அதற்குப் பின் நடந்தது ஆயுள் முழுக்க. அந்த ஆயுள் தண்டனையில் தோட்டக்காரனுக்குப் பங்கு உண்டு. நாட்டாமைக்கும், பெற்ற தகப்பனுக்கும், வாயை மூடிக்கொண்டிருந்த தெருவுக்கும் பங்கு உண்டு. நான் இன்று சொல்ல வந்தது இதைத்தான். பாலியல் வன்முறையின் பாதிப்பு எவ்வளவு காலம் நீடிக்கும் என்பது பெரும்பாலும் அடுத்த சில நாட்களில் தீர்மானமாகிறது. அந்த நாட்களில் அவளோடு யார் நிற்கிறார்கள், யார் விலகுகிறார்கள் என்பதே அதைத் தீர்மானிக்கிறது.

இது கதைதானே என்று யாராவது சொல்லலாம். கணக்கைப் பார்ப்போம். மதுரையைச் சேர்ந்த அலோசியஸ் இருதயமும் அவருடன் பணியாற்றியவர்களும் தமிழ்நாடு உள்ளிட்ட நான்கு மாநிலங்களில் 500 தலித் பெண்களைச் சந்தித்து ஓர் ஆய்வு செய்தார்கள். 2006 இல் அது வெளிவந்தது. பாலியல் சீண்டலும் தாக்குதலும் அனுபவித்தவர்கள் 46.8 சதவீதம். வன்புணர்வுக்கு ஆளானவர்கள் 23.2 சதவீதம். நான்கில் ஒருத்தி என்கிற அளவு. நிகழ்வுகளில் 40 சதவீதத்தில் பெண்கள் சட்டத்திடமோ ஊரிடமோ நியாயம் கேட்டுப் போகவே இல்லை. நீதிமன்றத் தண்டனை வரை போய்ச் சேர்ந்தவை நூற்றுக்கு ஒன்றுகூட இல்லை.

அரசின் கணக்கும் இதையே வேறு விதமாகச் சொல்கிறது. தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022 கணக்கில் நாடு முழுவதும் பதிவான வன்புணர்வு வழக்குகள் 31,516. ஆனால் 2019-21 தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பில், உடல் வன்முறையோ பாலியல் வன்முறையோ அனுபவித்த பெண்களில் உதவி கேட்டவர்கள் 14 சதவீதம் மட்டுமே. முக்கால்வாசிக்கும் மேற்பட்டவர்கள் யாரிடமும் வாய் திறக்கவே இல்லை. குழந்தைகள் நிலை இன்னும் மோசம். 2007 இல் மத்திய அரசின் பெண்கள், குழந்தைகள் மேம்பாட்டு அமைச்சகம் 13 மாநிலங்களில் 12,000க்கும் மேற்பட்ட குழந்தைகளிடம் கேட்டது. பாதிக்கும் மேற்பட்டவர்கள், அதாவது 53 சதவீதம் பேர், ஏதோ ஒரு வகையான பாலியல் கொடுமையைச் சொன்னார்கள். ஆண் குழந்தைகளும் ஏறக்குறைய அதே அளவில் சொன்னார்கள் என்பதை இங்குள்ள தம்பிகள் கவனிக்க வேண்டும்.

பதிவாகிற எண்ணிக்கை கூடினால் ‘குற்றம் பெருகிவிட்டது’ என்று பதறுகிறோம். எண்ணிக்கை குறைந்த ஊரை நல்ல ஊர் என்கிறோம். பல இடங்களில் நேர் எதிரானதே உண்மை. புகாரே வராத ஊரில் நாட்டாமை இன்னும் பலமாக இருக்கிறார் என்றுதான் பொருள்.

இனி, நீடிப்பது என்ன என்று பார்ப்போம். அமெரிக்க மனநல மருத்துவர் ஜூடித் ஹெர்மன் 1992 இல் எழுதிய ‘ட்ராமா அண்ட் ரெக்கவரி’ என்ற நூல் இத்துறையில் அடிப்படையானது. போர்க்களத்திலிருந்து திரும்பிய சிப்பாய்க்கும் வன்புணர்வுக்கு ஆளான பெண்ணுக்கும் மனதில் நிகழ்வது ஒன்றே என்று அவர் காட்டினார். தூக்கம் போவது, சின்னச் சத்தத்துக்குத் தூக்கிவாரிப் போடுவது, ஒரு வாடையோ குரலோ அந்த நாளை மறுபடி கண்முன் கொண்டுவருவது, தன் உடம்பே தன்னுடையதில்லை என்று மரத்துப்போவது. நம் ஊரில் இதற்கு ‘பேய் பிடிச்சிருக்கு’ என்று பெயர் வைத்துக் கோடாங்கியிடம் கூட்டிப்போகிறோம். ‘சங்கதி’யிலும் பேய் பிடிக்கும் பெண்களைப் பற்றி வருகிறது. பேய் ஏன் உழைத்துக் களைத்த பெண்களையே தேடிப் பிடிக்கிறது என்கிற கேள்வியும் அதோடு வருகிறது.

மீண்டு வருவதற்கு முதல் படி பாதுகாப்பு என்கிறார் ஹெர்மன். பாதுகாப்பு இல்லாமல் அடுத்த படி எதுவும் இல்லை. இந்த இடத்தில்தான் நாம் சொந்தமாக யோசிக்க வேண்டியிருக்கிறது. நகரத்தில் வசதியுள்ள ஒரு பெண்ணுக்குப் பாதுகாப்பு என்றால் வீடு மாறலாம், வேலை மாறலாம், அந்தத் தெருப்பக்கம் போகாமல் இருக்கலாம். கூலிக்காரப் பெண்ணுக்கு அந்த வரப்புதான் வேலைக்குப் போகிற வழி. அந்த மோட்டார் ரூம்தான் தண்ணீர். அவன்தான் சம்பளம் தருகிறவன், அல்லது அவனுடைய அண்ணன். குற்றம் செய்தவனை நாள்தோறும் கும்பிட்டுக் கடந்து போக வேண்டிய பெண்ணுக்குக் காயம் எப்படி ஆறும்? அதனால் நிலமும், கூலியும், வீட்டுக்குள் கழிப்பறையும், சாமத்தில் ஓடும் பேருந்தும் மனநலச் சிகிச்சையின் பகுதிகள்தான். தலித் இயக்கம் நில உரிமைக்குப் போராடும்போது இதற்கும் சேர்த்தே போராடுகிறது.

வயலை விட்டு ஆலைக்கு வந்தால் மாறுமா? ராஜபாளையத்தைச் சுற்றி நூற்பாலைகள், சத்திரப்பட்டியில் பேண்டேஜ் துணி. நம் பிள்ளைகள் ஆலை வேன்களில் ஏறிப் போகிறார்கள். பிற மாவட்டங்களிலிருந்து வந்து விடுதிகளில் தங்கி வேலை செய்கிற பெண்களும் உண்டு. 2021 ஜனவரியில் திண்டுக்கல் மாவட்டத்தில் ஆயத்த ஆடை ஆலையில் வேலை பார்த்த இளம் தலித் பெண் ஒருவர் கொல்லப்பட்டார். கைதானவர் அந்த ஆலையின் மேற்பார்வையாளர். தலித் பெண்கள் தலைமை தாங்கும் தமிழ்நாடு டெக்ஸ்டைல் அண்டு காமன் லேபர் யூனியன் அந்தக் கொலையை மறக்கவிடவில்லை. 2022 ஏப்ரலில் ஆலை நிர்வாகத்தோடும் உலகத் துணி நிறுவனங்களோடும் ‘திண்டுக்கல் ஒப்பந்தம்’ கையெழுத்தானது. பாலின வன்முறையையும் சாதிப் பாகுபாட்டையும் ஒன்றாகச் சேர்த்துப் பேசிய ஒப்பந்தம் அது. நம் பக்கத்து ஆலைத் தொழிலாளர்களுக்கும் அதில் பாடம் இருக்கிறது. பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் உள்ளகப் புகார்க் குழு இருக்க வேண்டும் என்கிறது 2013 ஆம் ஆண்டுச் சட்டம். அந்தக் குழுவுக்குப் பெண்தான் தலைமை. பாதிக்குக் குறையாமல் பெண்கள் இருக்க வேண்டும், வெளியாள் ஒருவரும் வேண்டும். உங்கள் அக்கா வேலை செய்யும் ஆலையில் அந்தக் குழுவில் யார் இருக்கிறார்கள் என்று இன்றைக்கு வீட்டில் கேட்டுப் பாருங்கள்.

ஸ்ரீவில்லிபுத்தூர் என்றதும் எல்லோருக்கும் ஆண்டாள் கோயில் கோபுரமும் பால்கோவாவும் நினைவுக்கு வரும். மாவட்டத் தலைநகர் விருதுநகராக இருந்தாலும் மாவட்ட நீதிமன்றம் இருப்பது இந்த ஊரில். அதனால் மாவட்டத்தின் பெண்கள் பலருக்கு ஸ்ரீவில்லிபுத்தூர் என்றால் ‘வாய்தா’தான்.

2018 ஏப்ரலில் அருப்புக்கோட்டைக் கல்லூரி ஒன்றின் உதவிப் பேராசிரியை, மாணவிகள் நால்வரைப் பல்கலைக்கழக உயர் அலுவலர்களுக்கு இணங்கும்படி தொலைபேசியில் பேசிய ஒலிப்பதிவு வெளியானது. இந்த ஊர் மகளிர் நீதிமன்றம் 2024 ஏப்ரல் இறுதியில் அவருக்குப் பத்து ஆண்டுச் சிறை விதித்தது. மற்ற இருவர் விடுவிக்கப்பட்டார்கள். அந்த மாணவிகள் ‘வேண்டாம் மேடம்’ என்று மறுத்தவர்கள். மறுத்தவர்களுக்கே ஆறு ஆண்டுகள் ஆயின.

2022 மார்ச்சில் விருதுநகரில் 22 வயது தலித் பெண்ணின் அந்தரங்கக் காணொளியைக் காட்டி மிரட்டிப் பல மாதங்கள் வன்கொடுமை செய்த வழக்கில் எட்டுப் பேர் கைதானார்கள். நால்வர் 18 வயதுகூட நிரம்பாதவர்கள். சட்டமன்றத்தில் பேசப்பட்டு, வழக்கு சிபிசிஐடிக்குப் போனது. இந்தக் காலத்தில் நாட்டாமையின் வேலையைச் செல்போன் செய்கிறது. ‘வெளியே சொன்னால் ஊருக்கே காட்டுவேன்’ என்ற மிரட்டல் ஏன் பலிக்கிறது? ஊர் அவளைத்தான் குற்றவாளியாகப் பார்க்கும் என்று மிரட்டுகிறவனுக்குத் தெரியும். அவனுடைய ஆயுதம் நம்முடைய பார்வைதான். நாம் பார்வையை மாற்றினால் அவன் கையில் இருப்பது அவனுக்கு எதிரான சாட்சியம்.

பொள்ளாச்சியிலும் இதே ஆயுதம்தான். 2019 இல் புகார் கொடுத்த பெண்ணின் பெயரைக் காவல் துறையே வெளியில் சொன்னது. அதற்காக 25 லட்சம் ரூபாய் இழப்பீடு தர உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட வேண்டியிருந்தது. அப்படியிருந்தும் சாட்சி சொன்ன பெண்கள் ஒருவரும் பிறழவில்லை. 2025 மே 13 அன்று கோவை மகளிர் நீதிமன்றம் ஒன்பது பேருக்கும் சாகும்வரை ஆயுள் தண்டனை விதித்தது.

துணை நின்றால் என்ன நடக்கும் என்பதற்கு ஒரு முழு ஊரே சாட்சியாக இருக்கிறது. 1992 ஜூன் 20 அன்று தருமபுரி மாவட்டம் வாச்சாத்தியில், சந்தன மரத்தைத் தேடுகிறோம் என்று வந்த வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறையினர் பழங்குடி மக்களின் ஊரைச் சூறையாடினார்கள். பதினெட்டுப் பெண்கள் வன்புணர்வுக்கு ஆளானார்கள். ஆட்களைப் பிடித்துச் சிறையில் அடைத்தார்கள். மலைவாழ் மக்கள் சங்கமும் மார்க்சிஸ்ட் கட்சியும் துணை நின்றன. நீதிமன்றம் சிபிஐ விசாரணைக்கு உத்தரவிட்டது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் 269 பேர். 2011 செப்டம்பர் 29 அன்று தீர்ப்பு வந்தபோது அவர்களில் 54 பேர் செத்துப்போயிருந்தார்கள். உயிரோடு இருந்த 215 பேரும் குற்றவாளிகள் என்றது தருமபுரி நீதிமன்றம். 2023 செப்டம்பர் 29 அன்று சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. முப்பத்தோரு ஆண்டுகள்! அதிகாரம் இழுத்தடித்த அந்தக் காலம் முழுக்க, ஊர் தன் பெண்களுக்கு அபராதம் விதிக்கவில்லை. ‘உன்னால்தான் மானம் போச்சு’ என்று ஒதுக்கவில்லை. பெண்கள் சேர்ந்தே நீதிமன்றம் போனார்கள், சேர்ந்தே அடையாளம் காட்டினார்கள். மாரியம்மாவுக்குக் கிடைக்காதது அது.

நம் தெருவைப் பற்றியும் பேசியாக வேண்டும். குற்றவாளி மேல்சாதிக்காரனாக இருந்தால் சுவரொட்டி ஒட்டுகிறோம். சித்தப்பாவோ, மாமாவோ, இயக்கத்துத் தோழரோ என்றால் ‘விடு தாயி, வெளிய சொல்லாத, நம்ம சனத்துக்குத்தான் கேவலம்’ என்கிறோம். வன்புணர்வு வழக்குகளில் ஆண்டுதோறும் பத்தில் ஒன்பதுக்கு மேல் குற்றவாளி அவளுக்குத் தெரிந்தவன்தான். சனத்தின் மானத்தை ஒரு சிறுமியின் வாயைப் பொத்திக் காப்பாற்றுவது சாதி நமக்குக் கற்றுக்கொடுத்த பாடம். அண்ணல் அம்பேத்கர் ஒரு சமூகத்தின் முன்னேற்றத்தைப் பெண்களின் முன்னேற்றத்தைக் கொண்டு அளந்தார். அந்த அளவுகோல் நமக்கும் சேர்த்துத்தான்.

கடைசியாகச் செய்ய வேண்டியவை. போக்சோ சட்டப்படி குழந்தை காவல் நிலையத்துக்குப் போக வேண்டியதில்லை. சீருடை அணியாமல் வீட்டுக்கு வந்தே வாக்குமூலம் வாங்க வேண்டும். தெரிந்தும் சொல்லாமல் மறைப்பது குற்றம். 1098 என்ற எண்ணை எழுதிக்கொள்ளுங்கள். வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்கை டிஎஸ்பி நிலையில் உள்ளவர் விசாரித்து 60 நாளில் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்ய வேண்டும். நிவாரணத்தில் பாதி மருத்துவப் பரிசோதனை அறிக்கையோடு வந்துவிட வேண்டும், தீர்ப்புவரை காத்திருக்கத் தேவையில்லை. 2016 முதல், அவள் தலித் என்று குற்றவாளிக்குத் தெரிந்திருந்தாலே போதும், சாதி காரணமாகத்தான் செய்தான் என்று தனியாக நிரூபிக்க வேண்டியதில்லை.

இன்னொரு விதியும் இருக்கிறது, வழக்கறிஞர்களே பலர் சொல்வதில்லை. வன்கொடுமைத் தடுப்பு விதிகளின் 11 ஆம் விதிப்படி, நீதிமன்றத்துக்கு வரும் பாதிக்கப்பட்டவருக்கும் சாட்சிக்கும் பயணப் படியும் குறைந்தபட்சக் கூலிக்குக் குறையாத தினப்படியும் உண்டு. பெண்ணாக இருந்தால், அவள் விரும்புகிற ஒருவரைத் துணைக்குக் கூட்டி வரலாம். அந்தத் துணைக்கும் செலவு அரசுடையது. சட்டம் எழுதியவர்களுக்கே தெரிந்திருக்கிறது, தனியாக வருகிற பெண் பாதி வழியில் திரும்பிவிடுவாள் என்று.

ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் நீதிமன்றம் பேருந்தில் அரை மணி நேரம். அடுத்த வாய்தாவுக்கு அவள் வரும்போது பக்கத்து இருக்கையில் நம்மில் ஒருவர் உட்கார்ந்திருக்க வேண்டும். அதற்குப் பெயர் கொடுக்க முன்வருகிற மாணவிகளும் மாணவர்களும் கூட்டம் முடிந்ததும் அமைப்புத் தோழர்களிடம் பதிவு செய்யுங்கள்.