குழாயிலும் கல்லிலும் இசை கண்டவர்



"கலை சோறு போடுமா?" பிள்ளைகள் பள்ளிப் படிப்பின் இறுதியாண்டை நெருங்கும்போது புலம்பெயர்ந்த தமிழ் இல்லங்களில் தவறாமல் எழும் கேள்வி இது. மருத்துவம், பொறியியல், கணக்கியல் ஆகியவற்றை விட்டு வேறொரு வழியை நாடும் பிள்ளையைக் கண்டு பெற்றோர் கலங்குவது இயல்பே. போரையும் இடப்பெயர்வையும் கண்டு வந்தோருக்கு நிலையான வருவாய் என்பது பேராசை அன்று, அதுவே பாதுகாப்பு. அந்த அச்சத்தை ஏளனம் செய்யாமல், அதே வேளையில் அதற்கு முற்றிலும் அடிபணியாமல் சிந்திப்பதற்கு, இந்த ஆக்லாந்து நகரில் பணியாற்றிவந்த ஒரு கலைஞரின் வாழ்வு துணைபுரியும். அவர் பெயர் பில் டாட்சன்.

1946ஆம் ஆண்டு நேப்பியர் நகரில் பிறந்த டாட்சன், ஆக்லாந்தின் எலாம் நுண்கலைக் கல்லூரியில் பயின்றார். 1969இல் இலண்டனில் இசையமைப்பாளர் கோர்னீலியஸ் கார்டியூவும் அவருடைய நண்பர்களும் தொடங்கிய 'ஸ்கிராட்ச் ஆர்கெஸ்ட்ரா' குழுவின் தொடக்க காலத்தில் அவர் பங்கேற்றார். முறையாக இசை கற்றவரும் கல்லாதவரும் ஒன்றாக அமர்ந்து வாசித்த குழு அது. நாடு திரும்பிய டாட்சன் 1970இல் அதன் நியூசிலாந்துக் கிளையை உருவாக்கினார். 1971 செப்டம்பரில், இரவும் பகலும் சமமாகும் வேளையில், உலகின் பல இடங்களில் ஒரே நேரத்தில் பதிவு செய்யப்பட்ட காட்சிகளையும் ஒலிகளையும் இணைத்து ஒரு திரைப்படம் ஆக்கினார். இணையம் இல்லாத காலத்தில், தொலைவிலிருந்தோரின் ஒத்துழைப்பால் நிறைவேறிய முயற்சி அது.

1974இல் அவர் நிறுவிய 'ஃப்ரம் ஸ்கிராட்ச்' குழுவே அவருக்குப் பெரும்புகழ் தேடித்தந்தது. அக்குழுவின் கருவிகள் கடையில் வாங்கியவை அல்ல. வீட்டுக்குத் தண்ணீர் கொண்டுவரும் பி.வி.சி. குழாய்களை வெவ்வேறு நீளங்களில் வெட்டி அடுக்கி, அவற்றின் வாயை இரப்பர் செருப்பால் தட்டினார்கள். குழாய் நீண்டால் ஒலி தாழும். நீளம் இரு மடங்கானால் சுரம் ஏறத்தாழ ஒரு ஸ்தாயி இறங்கும். பள்ளி இயற்பியல் பாடத்தில் உள்ள இவ்விதியே அங்கு இசையாயிற்று. மெலனீசியத் தீவு மக்களின் மூங்கில் இசை அதற்கு முன்மாதிரி. மண்பானையைக் கடமாகவும், நீர் நிரப்பிய கிண்ணங்களை ஜலதரங்கமாகவும் கொண்ட நமக்கு இது அந்நியமன்று. டாட்சன் ஆற்றுக் கற்களைத் தட்டியும் இசைத்தார். நெல்லையப்பர் கோயிலின் இசைத்தூண்களைக் கேட்டவர்கள் அதைக் கண்டு வியப்படைய மாட்டார்கள்.

அக்குழுவின் இசையில் ஒரு சிறப்பு உண்டு. முழு மெட்டையும் எவரும் தனியாக வாசிப்பதில்லை. ஒவ்வொருவரிடமும் சில சுரங்களே இருக்கும். ஒருவர் விட்ட இடைவெளியை மற்றவர் நிரப்பும்போதுதான் மெட்டு பிறக்கிறது. ஒருவர் கணக்குத் தவறினால் அனைவரும் தடுமாறுவர். "சோதனைக் கலை என்றால் மனம்போன போக்கு" என்று எண்ணுவோர் இதனைக் கவனிக்க வேண்டும். தாளக் கட்டுப்பாடும் நீண்ட பயிற்சியும் இன்றி இது கைகூடாது.

இக்கலை மக்களின் துயரையும் பேசியது. பசிபிக் பெருங்கடலில் நடந்த அணு ஆயுதச் சோதனைகளை எதிர்த்து உருவான 'பசிபிக் 3, 2, 1, ஸீரோ' என்னும் படைப்பை, 1982இல் பாரிஸ் பியனாலே கலைவிழாவுக்கே அக்குழு கொண்டு சென்றது. பிரான்சு அப்போது மொருரோவாவில் சோதனை நடத்திக்கொண்டிருந்தது. 1996இல்தான் அவற்றை இறுதியாக நிறுத்தியது. 1985 சூலை 10 அன்று ஆக்லாந்துத் துறைமுகத்திலேயே 'ரெயின்போ வாரியர்' கப்பல் பிரெஞ்சு உளவாளிகளால் தகர்க்கப்பட்டது. 1987இல் நியூசிலாந்து, அணு ஆயுதம் அற்ற நாடாகத் தன்னைச் சட்டத்தால் அறிவித்தது. தம் மக்களின் வலியை உலகுக்கு உரைக்க விழையும் இளையோர்க்கு, அறிக்கையும் மனுவும் மட்டுமே வழியல்ல என்பதற்கு இப்படைப்பு ஒரு சான்று.

சரி, வருவாய்? 1977 முதல் 2001 வரை டாட்சன் எலாம் கல்லூரியில் ஒலி, திரைப்படம், நிகழ்த்துகலை ஆகியவற்றை இணைக்கும் துறையில் கற்பித்தார். சென்னையில் ந. முத்துசாமி கூத்துப்பட்டறையைத் தொடங்கியதும் அதே 1977இல்தான். இயல், இசை, நாடகம் மூன்றையும் முத்தமிழ் என ஒன்றாக எண்ணிய மரபுக்கு இத்தகைய இணைப்பு புதிதன்று. ஆசிரியப் பணியே டாட்சனின் வாழ்வுக்கு நிலையான ஊன்றுகோல் ஆயிற்று. அத்தகைய பணி எல்லாக் கலைஞருக்கும் கிட்டுவதில்லை என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. 2001இல் நியூசிலாந்துக் கலை அறக்கட்டளையின் உயர் விருது அவரை வந்தடைந்தபோது, குழு தொடங்கி 27 ஆண்டுகள் ஆகியிருந்தன. அதன் பிறகும் அவர் ஓயவில்லை. 2003இல் அண்டார்க்டிகா சென்று, பனிக்காற்றில் அலைவாங்கிக் கம்பிகள் எழுப்பும் ஒலியைப் பதிவு செய்தார்.

பெற்றோர்களே, கலை வழியில் செல்ல விரும்பும் பிள்ளையிடம் "சோறு போடுமா?" என்று கேட்பதில் பிழையில்லை. ஆனால் அக்கேள்வியோடு நின்றுவிடாதீர்கள். "இதுவரை எதை ஆக்கினாய்? நாள்தோறும் பயில்கிறாயா? யாரோடு சேர்ந்து உழைக்கிறாய்?" என்றும் கேளுங்கள். இளையோரே, அக்கேள்விகளுக்குச் சினத்தால் அல்ல, செய்துகாட்டிய பணியால் விடை கூறுங்கள். ஆக்லாந்துப் பல்கலைக்கழகத்தில் இரு பட்டங்களை இணைத்துப் பயிலும் வழியும் உண்டு. ஒன்றுக்காக மற்றொன்றைத் துறக்க வேண்டிய கட்டாயம் எப்போதும் இல்லை.

பிள்ளையின் திறமையும் பெற்றோரின் முன்னெச்சரிக்கையும் அக்குழாய் இசையின் சுரங்களைப் போன்றவை. ஒன்று விட்ட இடத்தை மற்றொன்று நிரப்பினால்தான் மெட்டு பிறக்கும்.