கூலிக்காரர் கணக்கை எழுதிய பேராசிரியர்

(மதுரை மில் தொழிலாளர்களும் சுற்றுவட்டார விவசாயத் தொழிலாளர்களும் கூடிய கூட்டத்தில் பேசியது)



மில் தொழிலாளிக்கு வருகைப் பதிவேடு உண்டு. சட்டப்படி கூலிப் பதிவேடும் உண்டு. நிர்வாகத்தோடு வழக்காட அவர் கையில் ஒரு காகிதம் இருக்கிறது. நடவுக்கும் அறுப்புக்கும் போகும் தாய்மாருக்கு என்ன இருக்கிறது? நிலக்காரர் வீட்டு நோட்டில் அவர்கள் பட்ட கடன் இருக்கும். பாடுபட்ட நாள் இருக்காது.

அந்தக் கணக்கை வீடுவீடாகப் போய் எழுதியவர் பொருளாதார நிபுணர் வி.கே. ராமச்சந்திரன். 1977-ல், அன்றைய மதுரை ஜில்லாவில், இன்றைய தேனி மாவட்டத்தில், கம்பம் பள்ளத்தாக்கின் கோகிலாபுரத்தை ஆராய்ந்தார். பெரியாற்றுத் தண்ணீர் பாயும் பூமி அது. வறண்ட ஊரில் ஏழ்மைக்கு வானத்தைக் குறை சொல்லலாம். தண்ணீர் பாயும் ஊரில் யாரைச் சொல்வது? நிலம் யார் கையில், வேலை எத்தனை நாள், கடன் யாரிடம் என்றுதானே கேட்க வேண்டும்!

அந்த ஆராய்ச்சி 1990-ல் ஆக்ஸ்போர்டில் நூலாக வந்தது. விவசாயத்தில் கூலி உழைப்பும் சுதந்திரமின்மையும் என்பதே அதன் பொருள். கூலித் தொழிலாளி இரண்டு விதத்தில் 'சுதந்திரமானவன்' என்றார் மார்க்ஸ். அவனுக்குச் சொத்து கிடையாது. அவனை உடைமையாக்கிய எஜமானும் கிடையாது. நம் பண்ணையாளுக்கு முதல் 'சுதந்திரம்' முழுசாகக் கிடைத்தது. இரண்டாவதைக் கடனும் சாதியும் கட்டிப்போட்டன.

ஒரு புத்தகத்தோடு அவர் நிற்கவில்லை. இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தில் பேராசிரியராக இருந்தார். 1977 முதல் 1999 வரை அதே ஊரின் கூலிப் பெண்களின் நிலை எப்படி மாறியது என்று சகாக்களோடு சேர்ந்து எழுதினார். 2003-ல் வேளாண் ஆய்வு அமைப்பு ஒன்றைத் துவக்கினார். 2016 முதல் 2021 வரை கேரளத் திட்டக் குழுவின் துணைத் தலைவராகப் பணியாற்றினார்.

அவரது அமைப்பு 2019-ல் கீழத்தஞ்சையில் பாலக்குறிச்சியையும் வெண்மணியையும் ஆராய்ந்தது. சென்னைப் பல்கலைக்கழகப் பேராசிரியர் கில்பர்ட் ஸ்லேட்டர் 1918-ல் வெளியிட்ட நூலில் இடம்பெற்ற ஊர் பாலக்குறிச்சி. வெண்மணியை நான் சொல்லவா வேண்டும்? கூலிப் போராட்டத்தின் நடுவே, 1968 டிசம்பர் 25-ல், 44 உயிர்கள் எரிக்கப்பட்ட மண் அது.

கணக்கு மட்டும் கூலியை உயர்த்தாது, சங்கம்தான் உயர்த்தும். ஆனால் கணக்கில்லாத சங்கம் என்ன பாடுபடும் என்பதை நான் அனுபவித்திருக்கிறேன். ஒரு கூலிப் பேச்சுவார்த்தையில், "வருஷத்தில் பாதி நாள் வேலை தருகிறோமே!" என்றார் நிலக்காரர். பொய் என்று எங்களுக்குத் தெரியும். கையில் கோபம் இருந்தது, நோட்டு இல்லை. தலைகுனிந்து திரும்பினோம்.

ஆகவே வீட்டுக்கொரு நோட்டு வையுங்கள். வேலை நாள், கூலி, கடன் மூன்றையும் எழுதுங்கள். எழுதத் தெரியாத வீட்டில் பள்ளிக்கூடப் பிள்ளை எழுதட்டும். லீவு நாளில் ஊருக்குப் போகும் மில் தோழர் அதைச் சரிபார்த்துக் கொடுக்கட்டும். அடுத்த பேச்சுவார்த்தைக்கு நோட்டோடு போவோம்.