மடிக்கணினியில் இடம் காணுதல்

மடிக்கணினியில் இடம் போதவில்லை என்னும் அறிவித்தல் பெரும்பாலும் இக்கட்டான வேளையிலேயே திரையில் தோன்றுகின்றது. பல்கலைக்கழக மாணவி ஒருத்தி தன் ஆய்வுக் கட்டுரையைச் சேமிக்க முனையும்போது தோன்றலாம். கடல் கடந்து வாழும் மகன் அனுப்பிய திருமணப் படங்களைத் தந்தை இறக்கிக்கொள்ள முனையும்போது தோன்றலாம். அவ்வேளை எழும் பதற்றத்தில் கண்ணிற் பட்டதையெல்லாம் அழித்துவிடுவோர் பலர். இடம் கிடைத்துவிடுகின்றது. ஆனால் இழக்கத் தகாத ஏதேனும் ஒன்றும் அதனோடு போய்விட்டமை சில நாட்கள் கழிந்த பின்னரே தெரியவருகின்றது. ஆதலால் இடத்தைப் பெறும் வழியையும், இழப்பைத் தவிர்க்கும் வழியையும் ஒருங்கே அறிந்திருத்தல் நன்று.

முதற்கண், கணினியில் உள்ள இடத்தின் அளவை அறிதல் வேண்டும். 256 ஜிகாபைட் எனக் கூறி விற்கப்படும் கணினியை வாங்கி வந்து திறந்து பார்ப்பவர், விண்டோஸ் அதனை ஏறத்தாழ 238 எனக் காட்டுவதைக் கண்டு ஏமாற்றமடைவதுண்டு. இதில் வஞ்சகம் எதுவுமில்லை. உற்பத்தியாளர் நூறு கோடி பைட்டை ஒரு ஜிகாபைட் எனக் கணக்கிடுகின்றனர். விண்டோஸோ 1,024 என்னும் எண்ணை மும்முறை பெருக்கிவரும் தொகையை, அதாவது ஏறத்தாழ 107 கோடி பைட்டை, ஒரு ஜிகாபைட் எனக் கொள்கின்றது. அளவுகோல் வேறுபடுகின்றதேயன்றிப் பொருள் குறையவில்லை. எனினும், அந்த 238 இலும் பணிசெயல் முறைமை தனக்கென ஒரு பங்கை எடுத்துக்கொள்கின்றது. விண்டோஸ் 11 ஐ நிறுவுவதற்குக் குறைந்தது 64 ஜிகாபைட் கொண்ட தேக்ககம் வேண்டுமென மைக்ரோசொப்ட் நிறுவனம் விதித்துள்ளது. எஞ்சிய இடத்திலேதான் வீட்டாரின் படங்கள், பாடக்குறிப்புகள், கடிதங்கள், பாடல்கள், விளையாட்டுக்கள் அனைத்தும் குடியிருத்தல் வேண்டும்.

இக்குடிகளுள் மிகப் பெரிய இடத்தை அடைத்துக்கொள்வது விளையாட்டேயாகும். 1985 ஆம் ஆண்டில் யப்பானிய நின்ரெண்டோ நிறுவனம் வெளியிட்ட ‘சூப்பர் மாரியோ பிரதர்ஸ்’ என்னும் விளையாட்டு முழுவதும் 40 கிலோபைட்டினுள் அடங்கியிருந்தது. 2019 ஆம் ஆண்டில் கணினிக்கென வெளிவந்த ‘ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2’ என்னும் விளையாட்டுக்கு 150 ஜிகாபைட் இடம் வேண்டும். 2023 இல் வெளிவந்த ‘போல்டர்ஸ் கேற் 3’ என்பதற்கும் அவ்வளவே வேண்டும். அந்த இடத்தில் பழைய மாரியோ விளையாட்டின் பிரதிகளை 37 இலட்சத்துக்கும் அதிகமாக அடுக்கிவைக்கலாம். சுவரின் காரை, குதிரையின் மயிர், நீரின் அலை ஆகியவற்றைக் கூர்ந்து காட்டும் படத்துணுக்குகளும், பல மணி நேரத்துக்கு நீளும் குரற்பதிவுகளுமே இவ்விளையாட்டுக்களை இத்துணை பருக்கச் செய்தன. இத்தகைய இரண்டு விளையாட்டுக்களை 256 ஜிகாபைட் கணினி ஒன்று தாங்கமாட்டாது.

ஆகவே இடம் வேண்டுவோர் முதலில் விளையாட்டை நீக்குவது முறையானதே. அது பெரிது என்பது மட்டும் காரணமன்று. கணினியிலுள்ள பொருள்கள் யாவும் இருவகைப்படும். மீண்டும் பெறக்கூடியவை ஒருவகை. மீண்டும் பெறமுடியாதவை மற்றொரு வகை. விலை கொடுத்து வாங்கிய விளையாட்டு, விற்றவரின் சேவை இயங்கும்வரை, அவ்வாங்கியவரின் கணக்கிலே பதிவாகியிருக்கும். வேண்டும்போது மறுபடியும் இறக்கிக்கொள்ளலாம். தாயின் குரற்பதிவோ, மாணவி எழுதிய கட்டுரையோ அவ்வாறன்று. அளவில் அவை சிறியன; ஆயினும் உலகில் வேறெங்கும் அவற்றுக்குப் பிரதி இல்லாதிருக்கலாம். எதை நீக்கலாம், எதை நீக்கலாகாது என்னும் வினாவுக்கு இப்பாகுபாடே விடையாகும்.

மீண்டும் பெறுதல் என்பதற்கும் ஒரு விலை உண்டு. ஒரு செக்கனுக்கு 10 மெகாபிட் வேகமுள்ள இணைப்பிலே 150 ஜிகாபைட்டை இறக்குவதற்கு 33 மணி நேரத்துக்கு மேல் செல்லும். மாதத்துக்கு இவ்வளவு என அளவிடப்பட்ட இணைய இணைப்பை உடையோருக்கு அது பெருஞ்செலவாகவும் முடியும். அத்தகையோர் விளையாட்டை அழிப்பதற்குப் பதிலாக வெளியிணைப்பு வன்தட்டு ஒன்றுக்கு மாற்றிவைக்கலாம். ஸ்டீம் போன்ற விளையாட்டு விநியோகச் செயலிகள் இவ்வசதியைத் தம்முள்ளேயே கொண்டுள்ளன.

இனி, நீக்கும் முறையை நோக்குதல் தகும். திரையின் முகப்பிலே உள்ள சிறு படத்தைக் குப்பைத்தொட்டிக்கு இழுத்துவிட்டு, விளையாட்டு ஒழிந்தது என எண்ணுவோர் உளர். அச்சிறு படம் வீட்டு வாயிலில் மாட்டிய பெயர்ப்பலகை போன்றது. பலகையைக் கழற்றினால் வீடு போய்விடாது. விண்டோஸ் 11 இல் ‘செட்டிங்ஸ்’ என்னும் பகுதியிலே ‘அப்ஸ்’ என்பதையும், அதனுள் ‘இன்ஸ்டோல்ட் அப்ஸ்’ என்பதையும் திறந்தால், நிறுவப்பட்டவை யாவும் வரிசையாகத் தோன்றும். அவ்வரிசையை அளவுக்கேற்ப ஒழுங்குபடுத்தினால் மிகப் பெரியது எதுவெனத் தெரியும். அங்கிருந்தே ‘அன்இன்ஸ்டோல்’ எனக் கட்டளையிடல் வேண்டும். ஸ்டீம் வழியாகப் பெற்ற விளையாட்டாயின், ஸ்டீமின் நூலகப் பகுதியில் இருந்தே அக்கட்டளையை இடலாம். விளையாட்டு இருந்த கோப்புறையைத் தேடிச் சென்று கையாலே அழித்தல் முறையன்று. அவ்வாறு செய்யின், இல்லாத பொருளை இருப்பதாகக் காட்டும் பதிவுகள் முறைமையிலே எஞ்சிநிற்கும்.

முறைப்படி நீக்கிய பின்னரும் எல்லாம் நீங்கிவிடுவதில்லை என்பதைப் பலர் அறியார். நீக்கும் செயலி, தான் கொண்டுவந்து வைத்த பொருள்களையே பெரும்பாலும் எடுத்துச் செல்லும். விளையாடியபோது புதிதாக உண்டானவை அங்கேயே தங்கிவிடும். ஆட்டம் எந்தக் கட்டத்தில் நின்றது என்பதைக் குறிக்கும் சேமிப்புக் கோப்புகள், திரைப்பிடிப்புகள், விளையாடுவோர் தாமே சேர்த்துக்கொண்ட மேலதிகப் பொருள்கள், விரைவுக்காகச் சேர்த்துவைத்த இடைக்காலக் கோப்புகள் ஆகியன இவ்வாறு தங்குவன. இவற்றுட் சேமிப்புக் கோப்புகளைப் பல விளையாட்டுக்கள் வேண்டுமென்றே விட்டுச்செல்கின்றன. மறுநாள் அதே விளையாட்டை மீண்டும் நிறுவும் சிறுவன் முதலிலிருந்து தொடங்க நேரக்கூடாது என்பதே நோக்கம்.

இம்மிச்சங்கள் கிடக்கும் இடங்களும் பலவாகும். ‘டொகியூமன்ட்ஸ்’ கோப்புறையினுள் ‘மை கேம்ஸ்’ என்னும் பெயரிலே சில இருக்கும். பயனாளரின் பெயருக்குரிய கோப்புறையினுள் ‘சேவ்ட் கேம்ஸ்’ என்பதில் சில இருக்கும். ‘அப்டேற்றா’ என்னும் மறைவான கோப்புறையின் மூன்று பிரிவுகளினுள்ளும் சில இருக்கும். கோப்புறைக்கு விளையாட்டின் பெயர் அல்லாமல் அதனை ஆக்கிய நிறுவனத்தின் பெயர் இடப்பட்டிருப்பதும் உண்டு. ஆதலின், பெயர் அறியாத கோப்புறையைக் கண்டவுடன் குப்பையென முடிவுசெய்தல் ஆகாது. எந்தக் கோப்புறை எவ்வளவு இடத்தைக் கொண்டுள்ளது என்பதை ‘வின்டேர்ஸ்டற்’ என்னும் இலவசச் செயலி வண்ணக் கட்டங்களாகக் காட்டும். பெரிய கட்டத்தை முதலில் ஆராய்ந்தால் வீண்முயற்சி குறையும்.

விளையாட்டின் மிச்சங்களுக்கு அப்பாலும் ஒதுக்கவேண்டியவை உள. அழித்த கோப்புகள் ‘ரீசைக்கிள் பின்’ என்னும் தொட்டியிலே கிடக்கும்வரை இடத்தை விட்டுக்கொடுப்பதில்லை; தொட்டியைக் காலியாக்கிய பின்னரே இடம் பிறக்கும். விண்டோஸின் புதிய பதிப்பு நிறுவப்பட்டபின், பழைய பதிப்பு ‘விண்டோஸ் ஓல்ட்’ என்னும் கோப்புறையாகச் சில காலம் நிற்கும்; பொதுவாகப் பத்து நாட்களின் பின் அது தானாகவே நீக்கப்படும். ‘செட்டிங்ஸ்’ பகுதியிலுள்ள ‘ஸ்டோரேஜ்’ என்னும் பிரிவு, தற்காலிகக் கோப்புகளைத் தொகுத்துக் காட்டி நீக்கவும் உதவும். ஆனால் அப்பட்டியலில் ‘டவுன்லோட்ஸ்’ கோப்புறையும் ஒரு வரியாக இடம்பெற்றிருக்கும். இணையத்திலிருந்து இறக்கிய வங்கிக் கூற்று, பரீட்சை அனுமதி அட்டை, விண்ணப்பப் படிவம் யாவும் அக்கோப்புறையிலேதான் பலருக்குக் கிடக்கின்றன. அவ்வரியிற் குறியிடுவதற்கு முன் உள்ளே என்ன இருக்கிறது எனத் திறந்து பார்த்தல் கட்டாயமாகும்.

இவ்வளவு தொல்லை எதற்கு, மிச்சங்களைக் களையும் பொறுப்பை இயந்திரத்திடமே விட்டுவிடலாகாதோ எனச் சிலர் வினவலாம். அதற்கு நிகழ்ந்த வரலாறே விடை கூறும்.

1998 ஆம் ஆண்டின் இறுதியிலே அமெரிக்காவின் பன்ஜி நிறுவனம் ‘மித் 2’ என்னும் விளையாட்டை வெளியிடவிருந்தது. இறுவட்டுகள் அச்சாகிவிட்டன. அந்நிலையில் ஒரு கொடிய குறை கண்டுபிடிக்கப்பட்டது. அவ்விளையாட்டை நீக்கும் செயலி, விளையாட்டின் கோப்புகளை மட்டுமன்றி, அது நிறுவப்பட்ட கோப்புறையிலிருந்த அனைத்தையும் அழித்தது. ஒருவர் விளையாட்டைத் தனிக் கோப்புறையில் அன்றி வன்தட்டின் தலைவாயிலிலேயே நிறுவியிருப்பாராயின், நீக்கும்போது வன்தட்டு முழுவதும் துடைக்கப்படக்கூடும். பன்ஜி நிறுவனம் அவ்விறுவட்டுகளை மீளப்பெற்றுத் திருத்திய பதிப்பை வழங்கியது. நட்டம் பெரிதாயினும் அது செய்த முடிவு நேர்மையானது.

இருபது ஆண்டுகளின் பின், 2018 ஒக்டோபரில், மைக்ரோசொப்ட் நிறுவனம் விண்டோஸ் 10 க்கு 1809 என்னும் இலக்கமுடைய இற்றைப்படுத்தலை வெளியிட்டது. சில பயனாளர்கள் ‘டொகியூமன்ட்ஸ்’ முதலிய கோப்புறைகளை வேறிடத்துக்கு மாற்றியமைத்திருந்தனர். ஆயினும் பழைய இடத்திலும் சில கோப்புகளை விட்டுவைத்திருந்தனர். புதிய பதிப்போ பழைய கோப்புறையை வேண்டாத இரட்டை எனக் கருதி, உள்ளிருந்த கோப்புகளோடு அழித்துவிட்டது. முறைப்பாடுகள் எழுந்ததும் சில நாட்களுக்குள் அந்த வெளியீடு நிறுத்தப்பட்டுத் திருத்தப்பட்டு, நவம்பரில் மீண்டும் வெளியிடப்பட்டது. இழப்புப் பற்றிய முறைப்பாடுகள் பதினாயிரத்தில் ஒன்று என்ற அளவினவே என நிறுவனம் தெரிவித்தது. எண்ணிக்கையில் அது சிறிதே. ஆனால் அந்த ஒருவருக்கு இழப்பு முழுமையானது.

இரண்டு நிகழ்ச்சிகளிலும் தவறு ஒன்றேயாகும். தனக்குத் தெரியாத பொருளைச் செயலி தேவையற்ற பொருளெனக் கொண்டது. தைப்பொங்கலுக்கு முன் வீட்டைத் துப்புரவாக்கும் இல்லத்தரசி, பழைய செய்தித்தாட் கட்டை அப்படியே அடுப்பில் இடுவதில்லை. ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்க்கின்றார். இடையிலே காணி உறுதி மடிந்து கிடக்கக்கூடும் என்பது அவருக்குத் தெரியும். காணி உறுதியின் பெறுமதி செயலிக்குத் தெரியாது. அதனைத் தெரிந்தவரே பிரித்துப் பார்த்தல் வேண்டும்.

இழந்ததை மீட்கலாம் என்னும் நம்பிக்கையும் இந்நாளிற் குறைந்துவிட்டது. சுழலும் தட்டுகளைக் கொண்ட பழைய வன்தட்டுகளில் கோப்பை அழிக்கும்போது, அதன் இருப்பிடக் குறிப்பே முதலில் நீக்கப்பட்டது. அதன்மேல் வேறொன்று எழுதப்படும்வரை உள்ளடக்கம் அங்கேயே கிடந்தது. மீட்புச் செயலிகள் அதனைத் தேடி எடுத்தன. இன்றைய மடிக்கணினிகளுட் பெரும்பாலானவை எஸ்.எஸ்.டி. எனப்படும் திண்மநிலைத் தேக்ககத்தைக் கொண்டவை. கோப்பு அழிக்கப்பட்டதும், அவ்விடம் இனி வேண்டியதில்லை எனப் பணிசெயல் முறைமை தேக்ககத்துக்கு அறிவித்துவிடுகின்றது. தேக்ககம் தன் ஓய்வு வேளையில் அவ்விடத்தைத் துடைத்து ஆயத்தமாக வைக்கின்றது. அதன்பின் மீட்பு பெரும்பாலும் கைகூடாது.

ஆதலால் வேலையை வரிசைப்படுத்திச் செய்தல் வேண்டும். முதலாவதாக, மீண்டும் பெறமுடியாதவற்றை வெளியிணைப்பு வன்தட்டுக்கோ இணையச் சேமிப்பகத்துக்கோ பிரதி செய்தல். பிரதி செய்தவற்றுட் சிலவற்றைத் திறந்து சரிபார்த்தல். வீட்டார் பலர் பயன்படுத்தும் கணினியாயின், அவரவரிடமும் கேட்டறிதல். இளையவன் பல மாதங்கள் முயன்று எட்டிய ஆட்டநிலை, மூத்தோருக்கு அற்பமாகத் தோன்றினும் அவனுக்கு அற்பமன்று. இரண்டாவதாக, விளையாட்டை முறைப்படி நீக்குதல். மூன்றாவதாக, மிச்சக் கோப்புறைகளைத் திறந்து பார்த்துக் களைதல். தொட்டியைக் காலியாக்குவதை இறுதிக்கு வைத்துக்கொள்ளல் நன்று. இரண்டொரு நாள் கணினியைப் பயன்படுத்தி, எதுவும் குறையவில்லை எனக் கண்ட பின்னர் அதனைச் செய்யலாம்.

விண்டோஸ் என்னும் பெயருடைய கோப்புறையினுள் கைவைத்தலை அறவே தவிர்க்க வேண்டும். முறைமைப் பதிவேட்டைத் துப்புரவாக்கி வேகத்தைப் பெருக்குவதாக விளம்பரப்படுத்தப்படும் கருவிகளையும் நாடவேண்டியதில்லை. அவற்றாற் கிடைக்கும் இடம் மிகச் சொற்பம். மைக்ரோசொப்ட் நிறுவனமும் அத்தகைய கருவிகளை ஆதரிப்பதில்லை. பதிவேட்டிலே தவறாக ஒன்று நீங்கினால் கணினி இயங்காமற் போதலும் கூடும்.

பெரிய விளையாட்டு ஒன்றை நீக்குவதனால் ஒரே வேளையில் நூறு ஜிகாபைட்டுக்கு மேல் கிடைக்கக்கூடும். மாணவியின் கட்டுரைகள் யாவும் சேர்ந்தாலும் அதில் ஆயிரத்தில் ஒரு பங்கைத்தானும் அடைக்கமாட்டா. ஆகவே இடநெருக்கடியைத் தீர்ப்பதற்குச் சிறிய கோப்புகளின்மேல் கைவைக்கவேண்டிய தேவை பெரும்பாலும் எழுவதில்லை. பெரியதும் மீண்டும் கிடைக்கக்கூடியதுமான ஒன்றைத் தேடி நீக்கினால் இடமும் உண்டாகும். சிறியதும் மீண்டும் கிடைக்காததுமான ஒன்று இருந்த இடத்திலேயே இருக்கும்.