சோச்சா ஆற்றின் கடைமடை

ஆல்ப்ஸ் மலையின் தென்கிழக்குக் கோடியில், ஸ்லோவேனியாவின் திரெந்தா பள்ளத்தாக்கில், சுண்ணாம்புப் பாறைக் குகை ஒன்றிலிருந்து புறப்படுகிறது சோச்சா ஆறு. வெள்ளைக் கூழாங்கற்களின் மேல் ஓடும் அந்தத் தண்ணீரின் நிறம் மரகதப் பச்சை. உடம்பெல்லாம் பளிங்குக்கல் போல வரியோடிய டிரவுட் மீன் அதில் வாழ்கிறது. சுமார் 138 கிலோமீட்டர் நீளத்தில் பெரும்பகுதியை ஸ்லோவேனியாவிலேயே கடந்துவிட்டு, கோரிட்சியா நகரருகே இத்தாலிக்குள் நுழைந்து, இசோன்சோ என்று பெயர் மாறி, திரியெஸ்தே வளைகுடாவில் கலக்கிறது.

இந்த ஆற்றுக்கு எல்லை எது? வரைபடத்தில் உள்ள கோடு என்பார்கள். அந்தக் கோட்டுக்குச் சற்று மேலே நிற்கும் சோல்கான் அணைதான் எல்லை என்பேன். மின்சாரம் அதிகம் தேவைப்படும் நேரத்தில் விசையாழிகள் சுழல்கின்றன, கீழே ஆறு பெருகுகிறது. தேவை தணிந்தால் ஆறு இளைக்கிறது. சற்றுமுன் நனைந்திருந்த கரைக்கற்கள் வெயிலில் காய்கின்றன. அவற்றுக்கிடையே குட்டைகளில் மீன்குஞ்சுகள் சிக்கிக்கொள்கின்றன. தலைமடையில் ஒருவர் எடுக்கும் முடிவு கடைமடையில் ஆற்றின் அளவாகிறது.

எல்லைதான் மறைந்துவிட்டதே என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. இரண்டாம் உலகப்போருக்குப் பின் வந்த 1947 சமாதான உடன்படிக்கை கோரிட்சியாவின் ரயில் நிலையச் சதுக்கத்தையே இரண்டாக வெட்டியது. நிலையம் ஒரு நாட்டில், எதிர்வீடுகள் மறுநாட்டில். 2004-ல் அங்கிருந்த வேலியை எடுத்தார்கள். 2007 டிசம்பரில் ஸ்லோவேனியா எல்லைச் சோதனையற்ற ஷெங்கன் பகுதியில் சேர்ந்தது. 2025-ல் கோரிட்சியாவும், ஸ்லோவேனியப் பக்கத்து நகரமான நோவா கோரிட்சாவும் சேர்ந்தே ஐரோப்பியப் பண்பாட்டுத் தலைநகராயின. மனிதர்களுக்கு வழி திறந்தது உண்மை. தண்ணீருக்கு அப்படி யாரும் திறக்கவில்லை.

அப்படியானால் ஸ்லோவேனியாதான் குற்றவாளியா? அதுவும் சரியல்ல. மேலே உள்ள தோப்லார், பிளாவே மின்நிலையங்கள் இந்தப் பள்ளத்தாக்கு முழுவதும் இத்தாலியின் கையில் இருந்தபோது கட்டப்பட்டவை. ஒரே நாட்டின் உள்விவகாரமாகத் தொடங்கியதை 1947-ல் போட்ட கோடுதான் இருநாட்டு வழக்காக்கியது. சோல்கான் மின்நிலையம் வந்தது அதற்குப் பின், 1984-ல்.

ஆறு கீழே கொண்டுவருவது தண்ணீரை மட்டுமல்ல, பாதரசத்தையும்தான். அதன் கதை இன்னும் பழையது. சோச்சாவில் கலக்கும் இத்ரியிட்சா ஆற்றின் கரையில், இத்ரியா ஊரில், 1490-ல் பாதரசம் கண்டெடுத்தார்கள். ஏறத்தாழ 500 ஆண்டு தோண்டினார்கள். தாதுவைச் சுட்டெடுத்தபின் எஞ்சிய கழிவை ஆற்றோரம் கொட்ட, வெள்ளம் அதை அள்ளிச் சென்றது. இன்றும் பெருமழைக்குப் பின் அந்த வண்டல் நகர்கிறது. நல்ல தண்ணீரை நேரம் பார்த்து விடும் அணைகளால் இந்த நஞ்சை முழுதாகத் தடுக்க முடியவில்லை. எனவே மின்சாரக் கணக்கை மட்டும் மேல்நாடு வைத்துக்கொண்டு, சேற்றுக் கணக்கைக் கீழ்நாட்டின் தலையில் கட்டுவது அநியாயம். மதகு திறக்கும் நேரத்தைக் குறிக்கும் மேசையில் கோரிட்சியாக்காரருக்கும், வளைகுடாவின் மீனவருக்கும் இடம் வேண்டும். மலையில் மரகதமாகக் கிளம்பிய அதே ஆறு கொண்டுவந்த பாதரசம், அவர்கள் வலைவீசும் கடலின் அடிச்சேற்றில் கிடக்கிறது.