கடைசி வரிசையிலிருந்து வந்த வர்ணனையாளர்

இரணைமடுவில் ஒரு விமான ஓடுபாதை இருப்பது உங்களுக்குத் தெரியும். இப்படியான ஓடுபாதைகளில்தான் பல நாடுகளில் கார்ப் பந்தயம் வேர்விட்டது. இரண்டாம் உலகப் போர் முடிய, விமானங்கள் போய்விட்டன. நீளமான பாதை மிஞ்சியது. இங்கிலாந்தின் சில்வர்ஸ்டன், எங்கள் இலங்கையில் களுத்துறைப் பக்கத்துக் கட்டுக்குருந்த, சென்னைக்கு வெளியே சோழவரம், எல்லாம் அந்த வகைதான்.

இன்று நான் பேச வந்தது சென்னைப் பந்தயக் குடும்பத்துப் பிள்ளை ஒருவரைப் பற்றி. கருண் சந்தோக், 1984இல் பிறந்தவர். பாட்டன் இந்து சந்தோக், 1953இல் மெட்ராஸ் மோட்டார் விளையாட்டுக் கழகத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர்.

2010இல் பஹ்ரைனில் கருணுக்கு முதல் போர்மியூலா வன் பந்தயம். குழுவோ புதிது, கையில் காசில்லை, காரும் நேரத்துக்கு ஆயத்தமாகவில்லை. பயிற்சி ஓட்டமே இல்லாமல் தகுதிச் சுற்றில்தான் அந்தக் காரை முதன்முதலாக ஓட்டினார். கிடைத்தது கடைசி இடம். மறுநாள் பந்தயம் தொடங்கிய கையோடு விபத்து. அதே ஆண்டு மொனாக்கோவில் இன்னொரு ஓட்டுநரான யார்னோ ட்ரூலியின் கார் இவருடைய தலைக்கு மேலால் ஏறிப் போனது. நல்லகாலம், காயமில்லை. அடுத்த ஆண்டு ஜேர்மனியில் அதே ட்ரூலியின் இடத்தில் லோட்டஸ் அணிக்கு ஓட்டினார். விதிக்கும் பகிடி விடத் தெரியும் போல! மொத்தம் 11 பந்தயங்கள், ஒரு புள்ளிகூட இல்லை.

பிறகுதான் ஒலிவாங்கி. முதலில் பிரித்தானியாவின் சானல் 4 தொலைக்காட்சி, 2019இலிருந்து ஸ்கை தொலைக்காட்சி. அங்கே வர்ணனை என்பது இரண்டு பேரின் வேலை. 1949இல் சில்வர்ஸ்டனில் தொடங்கி 2001 வரை பேசிய மறி வோக்கர் விளம்பரத் தொழிலில் இருந்தவர். நடப்பதைக் கத்திச் சொல்வார். பக்கத்தில் இருந்த ஜேம்ஸ் ஹன்ட் 1976இன் உலகச் சம்பியன். ஏன் அப்படி நடந்தது என்பதை அவர் சொல்வார். இருவருக்கும் ஒரே ஒலிவாங்கிதான், பறித்துப் பறித்துப் பேசுவார்கள்.

கருண் செய்வது ஹன்டின் வேலை. ஆனால் அவர் சம்பியன் அல்ல. எனக்கென்னவோ அதுதான் அவருடைய பலமாகப் படுகிறது. நல்ல காரில் போகிறவருக்கு வளைவில் கார் தானாகத் திரும்பும். மோசமான காரோடு மல்லுக்கட்டியவருக்குத்தான் பிறேக்கை எங்கே விடவேண்டும், பின் ரயர் எப்போது வழுக்கும் என்று ஒவ்வொன்றாய்ப் பிரித்துச் சொல்ல வரும். திரையில் ஓட்டத்தை நிறுத்தி நிறுத்தி அவர் காட்டுவதும் அதைத்தான்.

ஓட்டுவதையும் அவர் விட்டுவிடவில்லை. வில்லியம்ஸ் அணியின் பழைய உலகப் பட்டத்துக் கார்களை வெளியே எடுக்கும்போது, அவற்றில் ஏறுகிறவர்களில் கருணும் ஒருவர்.