வாக்குப் பெட்டியும் மர்மக் கதையும்

2004-ஆம் ஆண்டு மக்களவைத் தேர்தலில்தான் நாடெங்கும் 543 தொகுதிகளிலும் முதன்முறையாக வாக்குச் சீட்டு மறைந்து இயந்திரம் வந்தது. அந்தமான் நிக்கோபார்த் தீவுகளின் ஒரே தொகுதியில் வாழும் தமிழராகிய நாமும் அன்று பொத்தானை அழுத்தினோம். பெங்களூர் பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் அவ்வியந்திரத்தை உருவாக்கும் பணியை மேற்பார்வையிட்டவர், நாம் விரும்பிப் படித்த மர்மக் கதைகளின் ஆசிரியர் சுஜாதா.

இயற்பெயர் ரங்கராஜன். 1935-இல் பிறந்து, திருவரங்கத்தில் பாட்டியின் அரவணைப்பில் வளர்ந்தார். மின்னணுவியல் கற்று, தில்லியில் விமானத்துறையிலும் பின்னர் பெங்களூரிலும் பணிபுரிந்தார். அவரும் நம்மைப் போல் ஊர் விட்டு ஊர் சென்றவரே. குமுதத்தில் இன்னொரு ரங்கராஜன் எழுதிவந்தமையால் மனைவியின் பெயரைப் புனைபெயராக்கிக் கொண்டார். அந்த அம்மையாருக்கு வாய்த்த புகழ் விந்தையானதுதான்!

1968-இல் வெளிவந்த ‘நைலான் கயிறு’ அவருக்கு வாசகரைத் தேடித் தந்தது. வழக்கறிஞர்களான கணேஷும் வசந்தும் துப்புத் துலக்கும் கதைகள் தொடர்ந்தன. ஆயினும் இளைஞர்க்கு நாம் முதலில் எடுத்துத் தருவது 1980-களில் வெளிவந்த ‘என் இனிய இயந்திரா’ என்னும் நாவலையே. ஜீவா என்னும் தலைவன் நாட்டு மக்களின் வாழ்வு முழுவதையும் தன் கட்டுப்பாட்டில் வைத்திருக்கும் வருங்காலம் அது. நிலா என்னும் பெண்ணுக்குத் துணையாவது ஜீனோ என்னும் இயந்திர நாய். புத்தகம் படிக்கும், வாதாடும், நகைக்கவும் வைக்கும். மக்களின் விருப்பத்தைப் பிழையின்றி எண்ணும் கருவியோடு பகலெல்லாம் உழன்ற பொறியியலாளர், மக்களின் விருப்பத்துக்கே இடமில்லாத ஓர் ஆட்சியைக் கற்பனை செய்தார். இயந்திரத்தை உள்ளிருந்து அறிந்தவருக்கே அந்த அச்சம் அத்துணைத் தெளிவாகத் தோன்றும் என்பது நம் எண்ணம். அவசரமாக எழுதிய கதைகளும் அவரிடம் உண்டு. அவற்றை மறைக்க வேண்டுவதில்லை.

2008-இல் அவர் மறைந்தார். 2020 ஆகஸ்டு 10-இல் சென்னையிலிருந்து கடலடியில் ஏறத்தாழ 2,300 கிலோமீட்டர் நீளமுள்ள ஒளியிழை வடம் இத்தீவுகளோடு இணைக்கப்பட்டது. 2024-இல் ஸ்ரீ விஜயபுரம் எனப் பெயர் மாறிய போர்ட் பிளேரில் நம் பிள்ளைகளின் கையிலும் இன்று உலகம் விரைந்து வருகிறது. வருவதில் தமிழ் குறைவு. வீட்டில் பேச்சாக மட்டும் நிற்கும் மொழியை அடுத்த பக்கம் என்ன என்னும் தவிப்போடு படிக்கவும் செய்வது எது? அறிவுரை நூல்கள் அதனைச் செய்ததாக நாம் கண்டதில்லை. நடுக்கடலில் புகையும் பாரன் தீவு எரிமலையும், அலைக்கடியில் கிடக்கும் அவ்வடமும் தம் கதாசிரியருக்காகக் காத்திருக்கின்றன. அவர் இத்தீவுப் பள்ளியொன்றில் இப்போது படித்துக்கொண்டிருக்கலாம். அடுத்த முறை சென்னையிலிருந்து கப்பலேறும் உறவினரிடம், முறுக்கோடும் வடகத்தோடும் ஜீனோவையும் கொண்டுவரச் சொல்வோம்.