செங்கல் கணக்கில் விடுபட்டவர்கள்



கீழடியில் செங்கல் சுவர்கள் வெளிப்பட்டபோது தமிழரின் நகர நாகரிகத்தைப் பெருமையோடு பேசினோம். பேச வேண்டியதுதான். அந்தக் கல்லை அறுத்த கை யாருடையது என்றும் நாம் கேட்க வேண்டும். அன்றைய கைகளைப் பற்றி மண் எதுவும் சொல்லாமல் போகலாம். இன்றைய கைகளோ நம் கண்முன்னே இருக்கின்றன.

திருவள்ளூர், காஞ்சிபுரம் பக்கத்துச் சூளைகளில் இருளர்களும் தலித்துகளும் மேற்கு ஒடிசாவிலிருந்து வரும் குடும்பங்களும் கல் அறுக்கிறார்கள். முன்பணம் கணவன் பெயரில்; வேலை குடும்பம் முழுவதற்கும். மண் குழைக்க, அச்சில் அடிக்க, பச்சைக்கல்லைத் திருப்பிப்போட மனைவியும் பிள்ளைகளும் வேண்டும். கூலியோ ஆயிரம் கல்லுக்கு இவ்வளவு என்று ஒரே பெயரில் எழுதப்படுகிறது. மழையில் கல் கரைந்தால் அந்த உழைப்புக்குக் கூலியில்லை; கடன் மட்டும் நிற்கிறது.

மண்ணின் கணக்கையும் பார்ப்போம். ஒரு செங்கல் சுமார் 3 கிலோ. ஆயிரம் கல் என்றால் 3 டன். அதில் பெரும்பகுதி வயலின் மேல்மண். மண்ணை விற்றவருக்குப் பணம் கிடைக்கிறது. அந்த வயலில் நட்டு அறுத்துப் பிழைத்தவருக்கு வேலை போகிறது. அவரே முன்பணம் வாங்கிச் சூளைக்குப் போகிறார். மண்ணழிவும் கொத்தடிமையும் இப்படித்தான் ஒன்றையொன்று வளர்க்கின்றன.

மேல்மண்ணைக் காக்க, அனல்மின் நிலையச் சாம்பலைச் செங்கல்லில் பயன்படுத்தச் சொல்லி ஒன்றிய அரசு 1999இல் அறிவிக்கை வெளியிட்டது. நல்லது. ஆனால் மூலப்பொருள் மாறினால் முன்பணக் கடன் தானாகத் தீராது. 1976ஆம் ஆண்டின் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டப்படி அந்தக் கடன் செல்லாது. குறைந்தபட்சக் கூலிக்குக் கீழே வேலை வாங்குவது கட்டாய உழைப்பே என்று உச்ச நீதிமன்றம் 1982இல் தீர்ப்பளித்தது. சட்டம் இருக்கிறது, சூளை வாசலைத் தாண்டி அதைக் கொண்டுபோக ஆள் வேண்டும்.

ஆகவே சூழலியல் தோழர்களிடம் நாம் வைக்கும் கோரிக்கை இது: சுற்றுச்சூழலைக் காட்டி ஒரு சூளையை மூடக் கோரும்போதே, அங்குள்ள குடும்பங்களுக்குக் கடன் ரத்து, விடுதலைச் சான்றிதழ், குடியிருக்க மனை, மாற்று வேலை ஆகியவற்றையும் சேர்த்துக் கேளுங்கள்.

கள ஆய்வுக்குப் போகும் மாணவர்களே, கணக்கு நோட்டில் எத்தனை பெயர், களத்தில் எத்தனை பேர் என்று எழுதி வாருங்கள். கோட்டாட்சியர் முன் வைக்க நமக்கு அந்தச் சான்று தேவை.

ஜெய்பீம்!